இன்னும் கொஞ்சம் நீலம்

பதினெட்டு முறை செத்திருக்கிறேன்.
ஒகேனக்கல் பாறையில் இரண்டு தடவை,
அஞ்செட்டிக் காட்டில் தூக்கில் ஒன்று,
கிருஷ்ணகிரி அணைக்கரையில்
கதாநாயகன் குத்திய குத்துக்கு
வாய்க்குள் அடக்கியிருந்த சிவப்பைத் துப்பி ஒன்று.
பாதிக்கு மேல் சென்னையில், செட்டுக்குள்.
அங்கே சாவது சுலபம். மின்விசிறி உண்டு.

முதல் சாவு நான் கேட்டு வந்ததில்லை.
பிணமாகப் படுக்க வேண்டியவன்
பென்னாகரம் பஸ்ஸைத் தவறவிட்டான்.
"ஒரு பேட்டாவில் ரெண்டு வேலை, நீயே படுடா"
என்றார் மேனேஜர்.
கைக்கண்ணாடியைப் பாறையிடுக்கில் செருகி
என் நெற்றியை நானே பிளந்தேன்:
மெழுகு, பஞ்சு, சாயம்,
காய்ந்த ரத்தத்துக்குக் கொஞ்சம் காப்பித்தூள்.
எட்டிப்பார்த்த பரிசல்காரர்
"அய்யோ சாமி" என்று
தலைத்துண்டை அவிழ்த்துக் கட்ட ஓடிவந்தார்.
எனக்குக் கிடைத்த ஒரே விருது அது.
துண்டில் சாயம் போகவில்லையென்று
சாயங்காலம் ஐம்பது ரூபாய் வாங்கிப்போனார்.

திரையில் என் பெயர் 'திம்மாராயன்' என்றே வரும்.
எல்லாப் படத்திலும் ஒரு துணைக்கால் அதிகம்.
திருத்தச் சொன்னால்,
"கால் இருந்தா ஓடிப் பொழச்சுக்கலாமே" என்பார்கள்.
காவேரிப்பட்டணம் கொட்டகையில்
நான் வெட்டுப்பட்டுக் கிடந்தபோது
மாதம்மாள் நிலக்கடலை உரித்துக்கொண்டே சொன்னாள்:
"இமை துடிக்குது பார்.
வீட்லயும் இப்பிடித்தான்
தூங்கற மாதிரி நடிப்பே."

தொப்பூர் கணவாயில் தக்காளி லாரி கவிழ்ந்தது.
தூரத்தில் பார்த்தவர்கள்
ரோடு முழுக்க ரத்தம் என்று ஓடினார்களாம்.
தக்காளி.
ரத்தம் கொஞ்சம்தான், நெற்றியோரம்.
ஓட்டியவன் மாரண்டஹள்ளி சென்னப்பன்,
மாதம்மாளின் சித்தி மகன்.
தர்மபுரி ஆஸ்பத்திரிப் பின்வாசலில்
யாரோ என் கையைப் பிடித்தார்கள்:
"புள்ள பாக்க வர்றதுக்குள்ள
ஏதாவது பண்ணு மாமா."

இருபத்தாறு வருஷம் காயம் உண்டாக்கிய பெட்டி.
உயிருள்ள தோல் மெழுகை இளக்கி வாங்கும்.
இது வாங்கவில்லை.
உள்ளங்கையில் உருட்டி உருட்டி
என் சூட்டைக் கொடுத்து ஒட்டவைத்தேன்.
நான் பூசிப் பூசிச் செத்த நீலம்
அந்த முகத்தில் எங்கேயும் இல்லை.
கேழ்வரகுக் கூழ் ஆறினால்
மேலே ஓர் ஆடை படியுமே,
அந்த நிறம்.

மகள் வந்தாள். பத்தாவது படிக்கிறவள்.
அழவில்லை, உற்றுப் பார்த்தாள்.
"மீசைய யார் சரி பண்ணுனது?
எங்கப்பாவுக்கு இவ்ளோ ஒழுங்கா இருக்காது."
கைப்பழக்கம்.
கதாநாயகனுக்குச் செய்வதைச் செய்திருந்தேன்.
விரலால் கலைத்தேன்.
இன்னும் கொஞ்சம்.
"ம்" என்றாள்.

அடுத்த மாதம் கேளமங்கலம் கல்குவாரி.
பதினெட்டாவது.
கண்ணாடி பார்க்காமலே போட்டுக்கொண்டு படுத்தேன்,
கூழ் நிறத்தில்.
மானிட்டருக்குள் குனிந்திருந்த இளம் இயக்குநர்
தலை நிமிர்ந்தார்:
"செத்தவன் மாதிரி இல்லையேண்ணே.
இன்னும் கொஞ்சம் நீலம்."
எழுந்து போட்டுக்கொண்டேன்.
முதுகில் கல் சுட்டது.
மூக்குத்தண்டில் ஏறிய எறும்பு
நிதானமாக யோசித்துவிட்டு இறங்கிப்போனது.
ஒரே டேக்.
இமை துடிக்கவில்லையென்று கைதட்டினார்கள்.

படம் காவேரிப்பட்டணம் வந்தது.
போலாமா என்று கேட்டாள் மாதம்மாள்.
டிக்கெட் இல்லையாம் என்றேன்.
அவள் என் கண்ணிமையைப் பார்த்தாள்.